முப்பிடாதியின் கையெழுத்து

ஆனி மாதக் காற்று ஆரம்பித்துவிட்டால் நெடுங்குளம் பெண்கள் பள்ளிக்கூடத்தைக் கூட்டுவது வீண் வேலை. மேற்கு மலையிலிருந்து இறங்குகிற காற்று முற்றத்து வேம்புகளைப் பிடித்து உலுக்கிக்கொண்டே இருக்கும். ஆவுடையம்மாள் சத்துணவுக் கூடத்திலிருந்து கொடிக்கம்பம் வரைக்கும் கூட்டிக்கொண்டு வந்து நிமிர்ந்தால், பின்னால் பழையபடி இலை விரிந்து கிடக்கும். கூட்டாமலும் விட முடியாது. எட்டாம் வகுப்பு சன்னலிலிருந்து ஒரு டீச்சர், "ஆவுடை இன்னைக்கு வரலையா?" என்று கேட்டுவிடுவாள்.

கூட்டி முடித்தால் கக்கூஸ். மோட்டார் பாதி நாள் ஓடாது. அடிபம்பில் தண்ணீர் அடித்து வாளி வாளியாகக் கொண்டுபோய் ஊற்ற வேண்டும். பிளீச்சிங் பவுடர் நெடியில் கண் எரியும். அடைத்துக்கொண்டால் கையை விட்டு எடுத்துத்தான் ஆக வேண்டும். மணி அடிப்பது, டீச்சர்மாருக்கு டீ வாங்கிவருவது, சாயங்காலம் வகுப்பறைகளைப் பூட்டுவது எல்லாம் அவள்தான். அவளுடைய மகள் அந்தப் பள்ளிக்கூடத்தில் ஆறாம் வகுப்பு சேர்ந்த வருசம் கையில் வாரியலைப் பிடித்தவள். மகளைக் கட்டிக்கொடுத்து, பேரன் பிறந்து, அவனும் நடக்க ஆரம்பித்துவிட்டான். ஆவுடைக்கு வேலை மட்டும் நிரந்தரம் ஆகவில்லை.

அதற்குத்தான் மதுரையில் கேஸ் போட்டிருந்தாள். பக்கத்து ஊர்க்காரர் மைதீன் வக்கீல்தான் நடத்தினார். அன்றைக்கு அவர் போன் செய்தபோது அவள் அடிபம்படியில் நின்றாள்.

"அம்மா, மைதீன் பேசுறேன்."

"சொல்லுங்க தம்பி. இருங்க, கையக் கழுவிக்கிடுதேன்... ம், சொல்லுங்க."

"கவர்மென்ட் பக்கம் பதில் போட்டிருக்காங்க. நீங்க தொடர்ந்து வேலை பாக்கலையாம். விட்டு விட்டு வந்தீங்களாம். நடுவுல முப்பிடாதி, சகாயமேரின்னு வேற ஆளுங்க பாத்திருக்காங்கன்னு சம்பள ரசீத வச்சிருக்காங்க. யாரும்மா இவங்க?"

"முப்பிடாதி எங்க மதினி. வீட்டுக்காரரோட அக்கா."

"அவங்க ஸ்கூல்ல வேலை பாத்தாங்களா?"

"அவிய எங்க பாத்தாவ? வீட்டுல இருந்து பீடி சுத்துதாவ. அந்தக் கையெழுத்தெல்லாம் நாந்தான் போட்டேன் தம்பி."

"அப்ப சகாயமேரி?"

"அப்படி ஒருத்தி ஊர்லயே கெடையாது."



நடந்தது இதுதான். முதலில் தலைமை ஆசிரியையாக இருந்த பெரிய டீச்சர் அவளைக் கூப்பிட்டு, "ஒரே பேரு மாசாமாசம் வந்தா ஆடிட்டுல பிடிப்பாங்க ஆவுடை. ஆளை நிரந்தரமா வச்சிருக்கியான்னு என்னைக் கேப்பாங்க. நடுநடுவுல வேற பேரு போட்டுக்கிடுவோம். உனக்குத் துட்டு வந்தாச் சரிதானே?" என்றாள். வீட்டில் யார் பேராவது சொல் என்றதும் ஆவுடை வாயில் வந்தது மதினி பேர். இன்னொரு பேரை டீச்சரே வைத்துக்கொண்டாள். அந்த டீச்சர் ஓய்வு பெற்று, காலமும் ஆகிவிட்டாள். அடுத்து வந்தவர்களும் அதே வழக்கத்தை விடவில்லை. இப்போது இருக்கிற தமயந்தி டீச்சரும்தான்.

"அம்மா, கேளுங்க," என்றார் வக்கீல். "யாரு உண்மையில வேலை பாத்தான்னு ஸ்கூலுக்கே போய் விசாரிச்சு அறிக்கை குடுக்கச் சொல்லி கோர்ட்டுல உத்தரவு வாங்கியிருக்கேன். ஜில்லா ஆபீசுலருந்து ஆள் வருவாங்க. உங்க மதினி வந்து, நான் அங்க வேலை பாக்கலன்னு ஒரு வார்த்தை சொல்லிட்டாப் போதும். அவங்க சொல்லலன்னா நம்ம கேஸ்ல ஒண்ணும் இல்ல."

ஆவுடை போனை இடுப்பில் செருகினாள். வேறு யார் பேரையாவது சொல்லியிருக்கலாம்.

*

முப்பிடாதியும் ஆவுடையும் ஒரே தெருவில் நாலு வீடு தள்ளித்தான் இருந்தார்கள். முப்பிடாதி புருசனை இழந்தவள். மகன் திருப்பூருக்குப் போனவன், அங்கேயே ஒருத்தியைக் கட்டிக்கொண்டு ஊர்ப்பக்கம் எட்டிப் பார்ப்பதில்லை. ஆவுடை பள்ளிக்கூட வேலைக்குப் போன புதிதில் தெருவே கேட்க, "எந் தம்பி பொண்டாட்டி கக்கூஸ் கழுவப் போறா, எங்க மானத்த வாங்கிட்டா" என்று பேசினாள். அன்றிலிருந்து தம்பி வீட்டில் பச்சைத் தண்ணீர் குடித்ததில்லை. நல்லது கெட்டதுக்கு வருவாள், நின்றுகொண்டே பேசிவிட்டுப் போவாள்.

ஆவுடையின் புருசன் பூல்பாண்டி எலுமிச்சை மண்டியிலிருந்து சாயங்காலம் வந்தான். காய் தரம் பிரித்துப் பிரித்து அவன் விரல் இடுக்கெல்லாம் வெடித்திருந்தது. ஆவுடை விசயத்தைச் சொன்னதும், "இதுக்கா மொகத்தத் தூக்கி வச்சிருக்க? அக்காதானளா? நான் சொன்னாக் கேப்பா," என்று சட்டையை மாட்டினான். இரண்டு பேரும் போனார்கள்.

முப்பிடாதி வாசல்படியில் சின்ன முறம் மாதிரி இருந்த சொளவை மடியில் வைத்து இலைக்குத் தூள் வைத்துச் சுருட்டிக்கொண்டிருந்தாள். தம்பி சொல்லச் சொல்லக் கை நிற்கவில்லை. எல்லாம் கேட்டு முடித்தபிறகு தலையைத் தூக்கினாள்.

"எம் பேரு கவருமென்டு கணக்குல இருக்கா?"

"இருக்குக்கா. அதுதான் இப்பம் சிக்கல்."

"எத்தன வருசமா இருக்கு?"

"அது கெடக்கு, விட்டு விட்டுப் பத்துப் பன்னெண்டு வருசமா..."

"எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டியளால?"

பூல்பாண்டி பெண்டாட்டியைப் பார்த்தான். ஆவுடை, "மதினி, அவசரத்துல வாயில வந்துட்டு. துட்டு ஒண்ணும் ஒங்க பேருல வாங்கித் திங்கல. நான் பாத்த வேலைக்கு நான் வாங்குனேன்," என்றாள்.

"கக்கூஸ் கழுவுதவன்னு ஊருக்குள்ள எம் பேர எழுதி வச்சிட்டு, துட்டு திங்கலயாம்." முப்பிடாதி ஒரு பீடியின் முனையை மடக்கி நகத்தால் அழுத்தினாள். "பீடிக்கடை ஏசன்டு இன்னைக்குத்தான் சொன்னாரு. அவரு மக அந்தப் பள்ளிக்கூடத்துலதான டீச்சரா இருக்கா? 'முப்பிடாதி, ஒன் பேரு கணக்குல ஏறியிருக்கு, விட்டுராத. கேஸ் செயிச்சா ஒனக்கும் வேலை உண்டு'ன்னாரு. நான் வெளையாட்டுன்னு நெனச்சேன். இப்பம் நீங்களே வந்து சொல்லுதிய."

"அக்கா, ஒனக்குக் கோட்டி பிடிச்சிருக்கா? நீ வேலையே பாக்கலியே!"

"நான் பாக்கலன்னு ஒனக்குத் தெரியும். கணக்குக்குத் தெரியுமா? நான் வேல பாத்தேன்னுதான கணக்கு சொல்லுது?"

"மதினி, இது அநியாயம்," என்றாள் ஆவுடை.

"எதுட்டி அநியாயம்? ஒனக்குப் புருசன் இருக்கான். ஒரு நாள் நீ படுத்தா கஞ்சி காச்சித் தர மக வருவா. எனக்கு யாரு இருக்கா? பொயிலத் தூசி நெஞ்செல்லாம் ஏறி ராத்திரி உக்காந்து இருமுதேன். கவருமென்டு வேலைன்னா பென்சன் உண்டுல்லா? அத மட்டும் நான் ஆசப்படக் கூடாதாக்கும்."

"கழுவுத கையால தண்ணி தந்தாக் குடிக்க மாட்டேன்னியளே. அந்த வேலைக்கா ஆசப்படுதிய?"

முப்பிடாதிக்கு முகம் சுண்டிவிட்டது. சொளவை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். "அந்தச் சகாயமேரிய வந்து சாச்சி சொல்லச் சொல்லு, போ!" என்ற சத்தம் மட்டும் வெளியே வந்தது.

வீட்டுக்கு வந்ததும் பூல்பாண்டி ஆவுடையைத்தான் ஏசினான். "ஒனக்கு வாயி அடங்காதா? வேல ஆகுத நேரத்துல பழச எடுத்து வச்சுக்கிட்டு..."

"பின்னே எப்பச் சொல்ல? பதிமூணு வருசம் முழுங்கி வச்சிருந்தேன்."

"இன்னுங் கொஞ்சம் முழுங்கியிருந்தா வேலை வந்திருக்கும்லா."

அன்றைக்கு அந்த வீட்டில் யாரும் சரியாகச் சாப்பிடவில்லை.

*

காற்றோடு சாரலும் சேர்ந்தது. ஊரெல்லாம் மூட்டுக் காய்ச்சல். ஆவுடைக்கும் வந்தது. கால் வீங்கி, விரலை மடக்க முடியாமல், பாயில் ஒருக்களித்துக்கூடப் படுக்க முடியவில்லை. தமயந்தி டீச்சர் ஆள் விட்டாள். கக்கூஸ் நாறுகிறது, பிள்ளைகள் வீட்டுக்கு ஓடுகிறார்கள், ஆள் அனுப்ப முடியவில்லை என்றால் வேறொருத்தியைச் சேர்க்க வேண்டியிருக்கும் என்று.

"சேத்துட்டா அவ்வளவுதான்," என்று ஆவுடை அழுதாள். "இந்த நேரத்துல இன்னொருத்தி பேரு ஏறுனா, 'பாத்தியா, இவ இல்லாமலே வேலை நடக்குதுல்லா'ன்னு எழுதிருவாவ."

மகள் சின்னப் பிள்ளைக்காரி. பூல்பாண்டி பெண்கள் பள்ளிக்கூடத்துக் கக்கூஸுக்குள் போக முடியாது. அவன் வேறு வழியில்லாமல் அக்கா வீட்டு வாசலில் போய் நின்றான். என்ன பேசினான் என்று தெரியாது. மறுநாள் விடிந்ததும் முப்பிடாதி பழைய சேலை ஒன்றை ஏத்திக் கட்டிக்கொண்டு பள்ளிக்கூடத்துக்குப் போனதைத் தெருவே பார்த்தது.

பொழுது சாய வந்தாள். நேராக ஆவுடையின் வீட்டுக்குள் வந்து சுவரில் சாய்ந்து உட்கார்ந்தாள். அந்த வீட்டில் அவள் உட்கார்ந்து வருசங்கள் ஆகியிருந்தன.

"ஏட்டி, எப்படிட்டி அந்த எடத்துல நிக்க?" என்றாள்.

ஆவுடை கையை ஊன்றி நிமிரப் பார்த்தாள்.

"மொதக் கதவத் தொறந்ததும் வாந்தி எடுத்துட்டேன். பொறவு அதையும் நாந்தான் கழுவுனேன். ஒரு குட்டி வந்து, 'பெரியம்மா, அடைச்சுக்கிட்டு'ங்கா. என்னத்தடின்னு பாத்தா, எழவு, துணியும் பேப்பருமா... கைய விடச் சொல்லுதா! எட்டாங் கிளாஸ் டீச்சர் இருக்காள்லா, அந்த ஏசன்டு மக, மூக்கப் பொத்திக்கிட்டு, 'இன்னுங் கொஞ்சம் பினாயில் ஊத்துங்க'ங்கா. ஊத்துனேன், அவ செருப்பு மேலயும் கொஞ்சம்."

ஆவுடைக்குச் சிரிப்பு வந்தது. சிரித்தால் மூட்டெல்லாம் வலித்தது.

முப்பிடாதி அவள் காலைப் பிடித்துப் பார்த்தாள். "வீக்கம் வத்தலியே. உளுந்தஞ்சோறு பொங்கித் திங்கணும், அப்பந்தான் மூட்டு தேறும்." எழுந்து அடுப்பைப் பற்றவைத்தாள். எள்ளு வறுத்துத் துவையலும் அரைத்தாள். அந்த வாசத்தில் ஆவுடைக்கு முதல்முறையாகப் பசித்தது. முப்பிடாதியும் அங்கேயே ஒரு தட்டில் போட்டுச் சாப்பிட்டாள். குடத்தில் மோந்து தண்ணீர் குடித்தாள். 

ஆவுடை எழுந்து நடமாடும் வரைக்கும் முப்பிடாதிதான் போய்வந்தாள். ஆனால் விசாரணையில் என்ன சொல்லப் போகிறாள் என்பதை மட்டும் சொல்லவில்லை. ஆவுடை ஒருதரம் பேச்சை எடுத்தாள்.

"மதினி, அந்த ஆபீசரு வந்தா..."

"வரட்டும்."

"நீங்க என்ன சொல்லுவிய?"

"இப்பம் நெசமாவே நானும் அங்க வேல பாத்திருக்கேன்ல்லா? மொத அதுக்கு ஒரு பதிலச் சொல்லு," என்றாள் முப்பிடாதி.

வக்கீலுக்கு இதைச் சொன்னபோது அவர் போனிலேயே தலையில் அடித்துக்கொண்ட மாதிரி கேட்டது. "ஏம்மா, ஊர்ல வேற ஆளே கெடைக்கலையா?"

*

விசாரணைக்கு ஜில்லா ஆபீசிலிருந்து வந்தவர் நரைத்த மீசை வைத்த சூப்பிரண்டு. தமயந்தி டீச்சரின் அறையில் மேசைக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தார். டீச்சர் ஓரமாக நாற்காலி போட்டிருந்தாள். ஆவுடையும் முப்பிடாதியும் நின்றார்கள். பூல்பாண்டி வராந்தாவில் நின்றான்.

"முப்பிடாதி யாரு?"

"நாந்தான்."

"நீங்க இந்தப் பள்ளிக்கூடத்துல வேலை பாத்ததுண்டா?"

முப்பிடாதி முந்தானையை இழுத்துச் சொருகினாள். ஆவுடை தரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

"பாத்தேன்," என்றாள்.

சூப்பிரண்டு பேனாவை எடுத்தார்.

"எழுதிராதிய, இருங்க. போன மாசம் இவளுக்குக் காச்சல் வந்து கெடந்தா. அப்பம் வந்து பாத்தேன். அதுக்கு முந்தி இந்த வாசல்ல நான் கால் வச்சது கெடையாது."

"இந்த ரசீதெல்லாம் உங்க பேருல இருக்கே? கையெழுத்துப் போட்டிருக்கீங்களே?"

"எங்க, காட்டுங்க."

காகிதத்தை அவள் தூரத்தில் வைத்துப் பார்த்தாள். "நல்லாத்தான் எழுதியிருக்கா. எனக்கு எழுத வராது சார். ரேசன் கடையில கேளுங்க, பீடி ஆபீசுல கேளுங்க, எல்லா எடத்துலயும் எனக்குக் கைநாட்டுத்தான்." கட்டைவிரலைத் தூக்கிக் காட்டினாள். பொயிலைக் கறை ஏறிய விரல்.

"அப்ப இது யார் போட்டது?"

"நாந்தான் சார்," என்றாள் ஆவுடை.

"எல்லாமேவா?"

"எல்லாமே. சகாயமேரியும் நாந்தான்."

சூப்பிரண்டு நாற்காலியில் சாய்ந்தார். அவர் முகத்தில் ஒரு திருப்தி தெரிந்தது. "அம்மா, நீங்க என்ன சொல்றீங்கன்னு தெரிஞ்சுதான் சொல்றீங்களா? இன்னொருத்தர் பேருல கையெழுத்துப் போட்டு அரசாங்கப் பணம் வாங்கியிருக்கீங்க. இதுக்குப் பேரு ஆள்மாறாட்டம். வேலை கேட்டு வந்தவங்க மேல போலீஸ் கேஸே போடலாம். யார் உங்களை இப்படிப் போடச் சொன்னா?"

 தமயந்தி டீச்சர் மேசை மேலிருந்த பேப்பர் வெயிட்டைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவளுக்கு ஓய்வுக்கு இன்னும் கொஞ்ச காலம்தான். ஆவுடை அவள் முகத்தை ஒருதரம் பார்த்தாள். டீச்சர் நிமிரவில்லை.

"முன்னால இருந்த பெரிய டீச்சர் சொன்னாவ. அவிய இப்பம் இல்ல."

"இறந்தவங்க மேல பழியப் போட்டா ஆச்சா? அப்ப எல்லாமே நீங்களா செஞ்சதுன்னுதான் நான் எழுதுவேன்."

வராந்தாவிலிருந்து பூல்பாண்டி உள்ளே வந்துவிட்டான். "சார், அவளுக்கு ஒண்ணும் தெரியாது. கேஸ வேணா வாபஸ் வாங்கிக்கிடுதோம். போலீசு கீலீசுன்னு..."

"நீங்க சும்மா இருங்க," என்றாள் ஆவுடை.  சூப்பிரண்டு பக்கம் திரும்பினாள். "எழுதுங்க சார்."

"என்னம்மா?"

"எல்லா மாசமும் நாந்தான் வேலை பாத்தேன், எல்லாக் கையெழுத்தும் நாந்தான் போட்டேன்னு எழுதுங்க. திருட்டுன்னு எழுதணும்னா அப்படியே எழுதுங்க. ஆனா நாந்தான்னு எழுதுங்க. நான் கேஸ் போட்டதே அதுக்குத்தான சார்?"

சூப்பிரண்டு அவளை ஒரு நொடி பார்த்துவிட்டு எழுத ஆரம்பித்தார். கோபத்தில் எழுதினாரோ என்னவோ, நன்றாக அழுத்தி எழுதினார். அடியில் முப்பிடாதி பெருவிரலை மையில் உருட்டி வைத்தாள்.

வெளியே வந்ததும் பூல்பாண்டி, "செயிலுக்குப் போறதுக்குச் சாப்பாடு கட்டிக்கோ," என்று சொல்லிவிட்டு முன்னால் நடந்துபோனான். அந்த டீச்சர் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம் என்றுதான் ஆவுடைக்குத் தோன்றிக்கொண்டிருந்தது.

"அந்த டீச்சருக்கு நாக்கு இல்லியாட்டி?" என்று முப்பிடாதி கேட்டாள்.  "நீங்க ஏன் மதினி மனச மாத்துனிய?" என்று ஆவுடை கேட்டாள். கொஞ்ச தூரம் போனபிறகு முப்பிடாதி, "மாத்துனேன்னு யாரு சொன்னா? எனக்கு வேல வேணும்தான். ஆனா நீ கழுவுனத நான் கழுவுனேன்னு எப்படிச் சொல்ல?" என்றாள்.

*

அறிக்கையின் நகலைப் பார்த்த மைதீன் வக்கீல் முதலில் பயந்தார். பிறகு இன்னொரு தடவை படித்துவிட்டு, உட்கார்ந்த இடத்திலிருந்து எழுந்து நின்றேன் என்று பின்னால் சொன்னார். "மனுதாரரே எல்லாக் காலங்களிலும் பல பெயர்களில் தொடர்ந்து பணிபுரிந்துள்ளார்" என்று அரசாங்கமே எழுதிக் கொடுத்திருந்தது. நீதிபதி அந்த வரியைத்தான் பிடித்துக்கொண்டார். வேலை பார்த்தது இவள் என்றால் வேலையும் இவளுக்குத்தான், பேரை மாற்றி எழுதவைத்துவிட்டு அவளையே திருடி என்பது என்ன நியாயம் என்று கேட்டார். நிரந்தரமாக்கும்படி தீர்ப்பு வந்தது.

தெருவில் பூல்பாண்டி எல்லோருக்கும் மிட்டாய்க் கடையில் முட்டாசு வாங்கிக் கொடுத்தான். முட்டாசு தின்ற வாய் காயுமுன்னே அப்பீல் போட்டுவிட்டார்கள். தீர்ப்புக்குத் தடை. "எப்ப வரும் தம்பி?" என்றால் வக்கீல், "வரும்மா, வரிசையில இருக்கு," என்றார். அடுத்த ஆனிக் காற்றும் வந்தது. ஆவுடை பழையபடி கொடிக்கம்பம் வரைக்கும் கூட்டிவிட்டுத் திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அந்த மாசக் கடைசியில் தமயந்தி டீச்சர் கூப்பிட்டு ரசீதை நீட்டினாள். ஆவுடை எழுத்துக் கூட்டிப் படித்தாள். அதில் 'ரோஸ்லின்' என்று இருந்தது.

"டீச்சர், இது யாரு?"

"கோபப்படாத ஆவுடை. அப்பீல் முடியுற வரைக்கும் உன் பேரு எதுலயும் வரக் கூடாதுன்னு மேல இருந்து வாய்மொழியாச் சொல்லிருக்காங்க. நான் என்ன பண்ணுவேன்?"

"அன்னைக்கு அந்த ஆபீசரு கேட்டப்ப, நான் ஒங்க பேரச் சொல்லல டீச்சர்."

டீச்சர் பேனாவின் மூடியைக் கழற்றி நீட்டினாள்.

"இனிமே வேற பேருல போட மாட்டேன்," என்று ஆவுடை காகிதத்தைத் திருப்பி வைத்தாள்.

"போடலன்னா சம்பளம் கெடையாதே?"

"வேண்டாம்."

அந்த மாசம் சம்பளம் இல்லை. அடுத்த மாசமும் இல்லை. ஆவுடை ஒரு நாள்கூட வேலைக்குப் போகாமல் இருக்கவில்லை. பூல்பாண்டி அவளிடம் பேசுவதை விட்டுவிட்டான். "ஒரு கையெழுத்துதானளா? இத்தன வருசமாப் போட்ட கைதான? இப்ப மட்டும் என்ன நோவு?" என்று ஒருநாள் கத்திவிட்டு, சாப்பிடாமல் மண்டிக்குப் போனான். முப்பிடாதி பீடிக்கூலியில் வாங்கின அரிசியில் பாதியைச் சொளவிலேயே கொண்டுவந்து கொட்டினாள். "ஊதாரிச் சிறுக்கி. போட்டுத் தொலைச்சிருக்கலாம்," என்று ஏசிக்கொண்டேதான் கொட்டினாள்.

மூன்றாவது மாசம், சாயங்காலம் பூட்டுகிற நேரத்தில் டீச்சர் கூப்பிட்டாள். வேறு யாரும் அறையில் இல்லை. புது ரசீது. டீச்சரே தன் கையால் எழுதியிருந்தாள்.

"பாத்துக்கோ. உன் பேருதான். மேல கேட்டா நான் பதில் சொல்லிக்கிடுதேன். போடு."

ஆவுடை பேனாவை வாங்கவில்லை. விரலை வைத்து ஒவ்வொரு எழுத்தாகப் படித்தாள். ஆ, வு, டை. கடைசி எழுத்து வரைக்கும் வந்து நிறுத்தினாள்.

"இனிசியல விட்டுட்டிய டீச்சர்."

"இனிஷியல்தானே, அதுல என்ன?"

"இந்த ஊர்ல ஆவுடையம்மா நெறையப் பேரு இருக்காவ. நாளைக்கு அது நான் இல்லன்னு சொல்லிருவாவ. பூல்பாண்டிக்குப் பூனா போடுங்க."

தமயந்தி டீச்சர் அவளைப் பார்த்தாள். பிறகு ரசீதைத் தன் பக்கம் திருப்பி, பேருக்கு முன்னால் இருந்த கொஞ்ச இடத்தில் அந்த ஒரு எழுத்தை நெருக்கி எழுத ஆரம்பித்தாள்.